பனிக்கடியில் கேட்ட குரல்

ஓர் உயிரினத்தைக் காக்க விரும்புவோர் முதலில் அதன் எண்ணிக்கையை அறிய முற்படுவர். எத்தனை உயிர்கள் எஞ்சியுள்ளன என்பது தெரிந்தால்தான் எந்த அளவுக்குப் பாதுகாப்பு தேவை என்பதும் விளங்கும். ஆயினும், எண்ணுவோரின் கண்ணுக்கு எட்டாதவை எவை என்பதையும் அறியாவிடின் அவ்வெண்ணிக்கை பிழையாகிவிடும். அலாஸ்காவின் வடகோடிக் கடலில் வாழும் வில்தலைத் திமிங்கலத்தின் வரலாறு இவ்வுண்மையைத் தெளிவாக உணர்த்துகிறது.

பனியோடு வாழும் பேருயிர்

பெருந்திமிங்கலங்கள் பலவும் குளிர்காலத்தில் வெப்பக் கடல்களை நாடிச் செல்லும். வில்தலைத் திமிங்கலமோ தன் வாழ்நாள் முழுவதையும் ஆர்க்டிக் கடலிலும் அதனை அடுத்துள்ள குளிர்கடல்களிலுமே கழிக்கிறது. வில்போல் வளைந்த அதன் தலை, உடலில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு ஆகும். தோலுக்கடியில் அரை மீட்டர் வரை தடித்திருக்கும் கொழுப்படுக்கு கடுங்குளிரிலிருந்து அதனைக் காக்கிறது. முதுகில் துடுப்பு இல்லாமையால் பனிப்பாளங்களின் கீழே அது தடையின்றி நீந்துகிறது. மூச்சுவிட வேண்டியபோது பனியைத் தலையால் முட்டி உடைக்கிறது.

பாலூட்டிகளுள் மிக நீண்ட ஆயுள் உடையதும் இதுவே. கண்வில்லைகளை ஆராய்ந்து 1999ஆம் ஆண்டு வெளியிடப்பட்ட ஆய்வு, சில திமிங்கலங்கள் நூறாண்டைக் கடந்தவை என்றும், ஒன்று இருநூறாண்டையும் கடந்திருக்கக்கூடும் என்றும் மதிப்பிட்டது. 2007ஆம் ஆண்டு பிடிபட்ட ஒரு திமிங்கலத்தின் உடலில், பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் செய்யப்பட்ட வெடி ஈட்டியின் துண்டு புதைந்திருந்தது. ஒரு நூற்றாண்டுக்கு முந்தைய வேட்டையின் தடயத்தை அவ்வுயிர் சுமந்து திரிந்திருக்கிறது.

வேட்டையும் வீழ்ச்சியும்

1848ஆம் ஆண்டு அமெரிக்க வேட்டைக் கப்பல் ஒன்று பெரிங் நீரிணையைக் கடந்து வடக்கே சென்றது. அதனைப் பின்தொடர்ந்து நூற்றுக்கணக்கான கப்பல்கள் வந்தன. கொழுப்பை உருக்கி எடுத்த எண்ணெய் விளக்கெரிக்கப் பயன்பட்டது. இரையை வடிகட்டி உண்பதற்காக மேல்தாடையில் தொங்கும் நெகிழ்தகடுகள், மேலைநாட்டுப் பெண்களின் இடையை இறுக்கும் உடைகளுக்கு உள்ளீடாயின. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வணிக வேட்டை ஓய்ந்தபோது, அக்கடற்பகுதியில் எஞ்சியவை சில ஆயிரமே.

அப்பகுதியின் தொல்குடியினரான இன்யூப்பியாட் மக்களும் பல நூற்றாண்டுகளாகத் திமிங்கல வேட்டையாடி வருபவர்களே. ஆயினும் அவர்களுடைய வேட்டை சந்தைக்கானது அன்று. பயிர் விளையாத அந்நிலத்தில் ஒரு திமிங்கலம் கிடைத்தால் ஊரே அதனைப் பகிர்ந்துகொள்ளும். அதனால்தான் வணிக வேட்டை பன்னாட்டு உடன்படிக்கைகளால் தடைசெய்யப்பட்ட பின்னரும், உணவுக்கான அவர்களது வேட்டைக்கு விலக்கு அளிக்கப்பட்டிருந்தது.

கண் காணாததும் செவி கேட்டதும்

1977ஆம் ஆண்டு பன்னாட்டுத் திமிங்கல ஆணையம் அவ்விலக்கை நீக்கியது. எஞ்சியுள்ள திமிங்கலங்கள் மிகச் சிலவே என்று அறிவியலாளர் அஞ்சினர். ஐயம் எழுந்தவிடத்துக் காக்கும் பக்கமே சாய வேண்டும் என்னும் அவர்களது எண்ணம் பழிக்கத்தக்கதன்று. ஆனால் வேட்டைத் தலைவர்களோ திமிங்கலங்கள் மிகுதியாகவே உள்ளன என்று உறுதியாகக் கூறினர்; அலாஸ்கா எஸ்கிமோ திமிங்கல வேட்டை ஆணையத்தையும் அதே ஆண்டில் நிறுவினர். ஆண்டிறுதியில் தடை தளர்ந்து, மறு ஆண்டுக்குச் சிறிய ஒதுக்கீடு வழங்கப்பட்டது.

முரண்பாட்டின் வேர் எண்ணிய முறையில் இருந்தது. பனிப்பரப்பின் விளிம்பில் அமர்ந்து, பனி பிளந்து உண்டான நீர்வழியில் கடந்து செல்லும் திமிங்கலங்களைக் கண்ணால் கண்டு எண்ணினர். நீர்வழியைப் பனி மூடிவிட்டால் திமிங்கலங்கள் நகர்வதில்லை என்பது பொதுவான கருத்தாக இருந்தது. ஹாரி புரோவர் என்னும் மூத்த வேட்டைத் தலைவர் அதனை மறுத்தார். திமிங்கலங்கள் பனிக்கு அஞ்சுவதில்லை. பனிக்கடியிலும், கரையிலிருந்து கண்ணுக்கெட்டாத தொலைவிலும் அவை சென்றுகொண்டே இருக்கும் என்றார்.

அச்சொல்லைப் புறந்தள்ளாத அறிவியலாளர்கள் அதனைச் சோதித்துப் பார்க்கத் துணிந்தனர். 1980களில் நீரடி ஒலிவாங்கிகள் கடலில் இறக்கப்பட்டன. வானிலிருந்தும் கண்காணிப்பு நடைபெற்றது. நீர்வழி மூடிக்கிடந்தபோதும் திமிங்கலங்களின் குரல்கள் கேட்டன. கண் தவறவிட்டவற்றையும் கணக்கில் சேர்த்தபோது மதிப்பீடு உயர்ந்தது. வணிக வேட்டை ஒழிந்ததன் பயனாகத் திமிங்கலங்களும் உண்மையிலேயே பெருகி வந்தன. 2001ஆம் ஆண்டில் பத்தாயிரத்தைக் கடந்த மதிப்பீடு, 2011ஆம் ஆண்டில் பதினாறாயிரத்தையும் தாண்டியது.

இரு அறிவும் இணைதல்

வேட்டையாடுவோர் தம் நலனுக்காகவே அவ்வாறு கூறியிருக்கலாம் அல்லவா என்ற ஐயம் எழலாம். அது நியாயமான ஐயமே. ஆயினும் அவர்கள் சொல் கேட்டவுடன் ஏற்கப்படவில்லை. கருவிகளால் சோதிக்கப்பட்ட பின்னரே ஏற்கப்பட்டது. மக்களின் அறிவை ஆராயாமல் போற்றுவதும் அறிவியலுக்கு உதவாது. ஆராயாமல் ஒதுக்குவதும் உதவாது. எங்கே தேட வேண்டும் என்பதை அங்கு வாழ்ந்தோர் காட்டினர். தேடிக் கண்டதை அளந்து உறுதிப்படுத்த அறிவியல் உதவியது. இவற்றுள் ஒன்று இல்லாதிருப்பினும் உண்மை பனிக்கடியிலேயே மறைந்திருக்கும்.

இணைந்த பணியால் இருசாராரும் பயன் பெற்றனர். வேட்டை இன்று பன்னாட்டு ஒதுக்கீட்டுக்கு உட்பட்டே நடைபெறுகிறது. பிடிபடும் திமிங்கலங்களை ஆராய வேட்டைக் குழுவினர் இசைகின்றனர். திமிங்கலத்தின் ஆயுளைக் கண்டறிந்த ஆய்வும் அந்த இசைவினால்தான் கைகூடியது.

இன்று வடகடல் புதிய இடரைச் சந்திக்கிறது. 1979 முதல் செயற்கைக்கோள்கள் பதிவுசெய்துவரும் கோடைக்காலக் கடற்பனிப் பரப்பு பெரிதும் சுருங்கிவிட்டது. பனி விலகிய வழியில் கப்பல்கள் புகுகின்றன. ஒலியால் உறவாடும் உயிர்களுக்குக் கப்பல்களின் இரைச்சல் பெருந்தடை. மோதலும் வலைகளில் சிக்குதலும் உயிருக்கே ஊறு. கப்பல் செல்லும் வழியையும் வேகத்தையும் காலத்தையும் முடிவுசெய்யும் அவைகளில் அறிவியலாளருடன் கடலோர மக்களும் அமர்தல் வேண்டும். முடிவெடுத்த பின்னர் அவர்களுக்கு அறிவிப்பது போதாது. முடிவெடுக்கும் முன்னரே அவர்களைக் கேட்க வேண்டும். வில்தலைத் திமிங்கலத்தின் நெடிய வாழ்நாளில் மனிதர் செய்த பிழைகள் பல. அவற்றுள் ஒன்றையேனும் மீண்டும் செய்யாதிருக்க இதுவே வழி.