கேமராவைக் கீழே வைத்தவர்

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல்)

எவரெஸ்ட் உச்சியில் கொடியுடன் நிற்பவரின் படத்தைப் பார்த்துக் கைதட்டுகிறோம். அந்தப் படத்தை எடுத்தவர் எங்கே நின்றார் என்று என்றேனும் எண்ணிப் பார்த்ததுண்டா? அவரும் அதே உயரத்துக்கு ஏறியவர்தாம்.

அத்தகையோருள் ஒருவர் அமெரிக்கரான டேவிட் பிரஷியர்ஸ் (1955–2024). 1983-இல் எவரெஸ்ட் உச்சியிலிருந்து முதன்முதலாக நேரடித் தொலைக்காட்சிக் காட்சிகளை அனுப்பியவர். 1996-இல் ஐமாக்ஸ் படம் எடுக்க மீண்டும் அங்கே சென்றார். எடையைக் குறைத்துச் செய்த பின்னரும் அந்தக் கேமரா சுமார் 19 கிலோ! ஒரு படச்சுருள் ஒன்றரை நிமிடத்தில் தீர்ந்துவிடும். உச்சியிலோ காற்றழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் மூன்றில் ஒரு பங்குதான். ஷெர்ப்பாக்கள் சுமந்திராவிட்டால் அந்தக் கேமரா அங்கே போயிராது. கைதட்டலில் பெரும்பங்கு அவர்களுக்கே உரியது.

ஆனால் நான் அவரைப் போற்றுவது அவர் எடுத்த படத்துக்காக அன்று; எடுக்காமல் விட்ட படத்துக்காக.

அவ்வாண்டு மே 10 அன்று மலையில் பெரும்புயல் வீசியது. எட்டுப் பேர் மாண்டனர். பிரஷியர்ஸ் குழுவினர் அப்போது கீழ் முகாமில் இருந்தனர். தங்கள் ஏற்றத்துக்காக மேலே சேர்த்து வைத்திருந்த பிராணவாயு உருளைகளைத் துன்பத்தில் சிக்கியவர்கள் எடுத்துக்கொள்ளச் சொன்னார்கள். படப்பிடிப்பை நிறுத்திவிட்டு உதவிக்கு ஏறினார்கள். இறந்தவராகக் கைவிடப்பட்டு, பின் தாமே எழுந்து நடந்து வந்த பெக் வெதர்ஸ் என்பவரைக் கீழே இறக்கிவரத் தோள் கொடுத்தார்கள். அதன் பிறகே மே 23 அன்று உச்சியை அடைந்தார்கள். ‘எவரெஸ்ட்’ என்ற அப்படம் 1998-இல் வெளிவந்தது.

“படம் எடுப்பவன் கடமை படம் எடுப்பதுதானே? அவலத்தைப் பதிவு செய்தால்தானே உலகம் அறியும்?” என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் உலகம் அறிந்துகொள்ள வேறு வழிகள் உண்டு. அந்தப் புயலின் கதையை உயிர் தப்பியவர்களே பின்னர் எழுதினார்கள். மூச்சுக்குத் திணறுகிறவனுக்கோ பக்கத்தில் இருப்பவனைத் தவிர வேறு வழி ஏது?

இதை எழுத எனக்குத் தகுதி உண்டா என்று தெரியவில்லை. சென்ற ஆண்டு எங்கள் ஊர்ச் சாலையில் ஒருவர் இருசக்கர வண்டியிலிருந்து விழுந்து கிடந்தார். சுற்றி நின்றவர்கள் கைகளில் எல்லாம் கைப்பேசி. என் கையிலும்தான். கீரை விற்கும் அம்மாள் ஒருவர் தலைக்கூடையை இறக்கி வைத்துவிட்டு அவரைத் தூக்கி உட்கார வைத்தார். நான் எடுத்த படத்தை அன்றிரவே அழித்துவிட்டேன். வெட்கம் மட்டும் அழியவில்லை.

பிரஷியர்ஸ் கேமராவை வெறுத்தவர் அல்லர். 2007-இல் ‘கிளேசியர் ஒர்க்ஸ்’ என்ற அமைப்பைத் தொடங்கி, பழைய மலையேறிகள் படமெடுத்த இடங்களிலேயே நின்று மீண்டும் படமெடுத்தார். இமயத்தின் பனியாறுகள் எவ்வளவு சுருங்கிவிட்டன என்பதை அப்படங்கள் சான்றுடன் காட்டின. எப்போது கேமராவை எடுக்க வேண்டும், எப்போது கீழே வைக்க வேண்டும் என்ற இரண்டும் அறிந்தவர் அவர்.

நண்பர்களே! எவரெஸ்ட் ஏறும் வாய்ப்பு நம்மில் எத்தனை பேருக்கு வரும்? கையில் இருப்பதைக் கீழே வைக்க வேண்டிய வேளை மட்டும் எல்லோருக்கும் வரும். அது நம் ஊர்ச் சாலையிலேயே வரும்.