டைரக்டர் உள்ளே... ஷூட்டிங் வெளியே!

டைரக்டர் ஸ்பாட்டுக்கே போகாம ஒரு படம் எடுக்க முடியுமா? 'ரீல் விடாதீங்க பாஸ்'னு சிரிக்கிறவங்க, துருக்கியின் யில்மாஸ் குனே பற்றிக் கேளுங்க.

1937-ல் அதானா பக்கம் ஒரு ஏழைக் குர்து குடும்பத்தில் பிறந்தவர். 1950-களின் கடைசியில் திரைக்கதை எழுத வந்து, சூப்பர் ஹிட் ஹீரோவாகவும் ஆனார். ரசிகர்கள் வெச்ச பேரு 'அழகில்லாத ராஜா'. 1974-ல் ஒரு நீதிபதியைச் சுட்டுக் கொன்ற வழக்கில் நீண்ட சிறைத்தண்டனை. இதை மறைச்சுட்டு அவரைக் கொண்டாட முடியாது.

ஆனா, பேனா மட்டும் நிற்கலை. சிறையில் எழுதிய 'சுரு'வை வெளியே ஜெகி ஒக்தென் 1978-ல் படமாக்கினார். அடுத்தது 'யோல்'. 'பாதை'ன்னு அர்த்தம். ஒரு வார லீவில் ஊருக்குப் போற கைதிகளின் கதை. குனே உள்ளேயிருந்து விலாவாரியா எழுதிக் கொடுக்க, வெளியே ஷெரிஃப் கோரென் ஷூட் பண்ணினார். 1981-ல் குனே சிறையிலிருந்து தப்பினார். ஃபிலிமும் எல்லை தாண்ட, ஸ்விட்சர்லாந்தில் எடிட்டிங். 1982-ல் கான் விழாவின் தங்கப் பனை விருதை 'மிஸ்ஸிங்' படத்தோடு பகிர்ந்துகொண்டது 'யோல்'. சொந்த நாட்டிலோ 1999 வரை தியேட்டருக்கு வரலை. அதைப் பார்க்க அவரும் இல்லை. 1984-லேயே, 47 வயசில், பாரிஸில் இறந்துட்டார்.

'ஷார்ட் ஃபிலிம் எடுக்கணும்'னு அலையற ஆளா நீங்க? கேமரா இப்ப எல்லார் பாக்கெட்லயும் இருக்கு. ஒரு சின்ன டெஸ்ட். எழுதினதை ஃப்ரெண்ட் கையில கொடுத்துட்டு நகர்ந்துடுங்க. நீங்க பக்கத்துல நின்னு விளக்காமலே அவரால அதை எடுக்க முடியுதா?

முடிஞ்சா, அதுதாங்க ஸ்கிரிப்ட்!