இலக்கியம் எனில் நூலகம் எங்கே?

கணினி நிரலும் இலக்கியமே. சொல்வது நாமல்ல, இந்தியப் பதிப்புரிமைச் சட்டம். 1957-ஆம் ஆண்டின் அச்சட்டம் திருத்தப்பட்டபோது, 'இலக்கியப் படைப்பு' என்னும் வரையறைக்குள் கணினி நிரலும் சேர்க்கப்பட்டது. ஆகவே, ப்ளேஸ்டேஷனின் பயாஸ் கோப்பைப் பற்றித் தமிழ் படித்த நாம் பேசுவது வரம்பு மீறலன்று.

கார்ட்ரிட்ஜ் வகை விளையாட்டுப் பெட்டிகள் பெரும்பாலானவற்றில், செருகியவுடன் ஆட்டத்தின் நிரல் நேரே ஓடும். குறுந்தகட்டு வகையிலோ, தகட்டைப் படிக்கவே பெட்டிக்குள் பதித்த நிரல் ஒன்று வேண்டும். அதுவே பயாஸ். முதல் ப்ளேஸ்டேஷனில் அதன் அளவு 512 கிலோபைட். அஃதின்றேல், அப்பெட்டியின் வேலையைக் கணினியில் செய்துகாட்டும் எமுலேட்டர்கள் பல இயங்கா, இயங்குவனவும் குறைபடும். ஏடிருந்தும் எழுத்தறியாதார் நிலைதான்.

கடற்காற்று மின்கருவிகளை என்ன செய்யும் என்பதைச் சாந்தோம்வாசிகளுக்கு எவரும் சொல்லவேண்டியதில்லை. பெட்டி துருவேறிச் சாகும், தகடு எஞ்சும். முதல் ப்ளேஸ்டேஷனின் உற்பத்தியோ 2006-இலேயே நின்றுவிட்டது. நிரலை முறைப்படி வைத்திருப்பவர் காப்புப்படி எடுக்க நம் சட்டம் இசைகிறது. செத்த பெட்டியிலிருந்து எங்ஙனம் எடுப்பது? பிறரிடம் பெற்றால் 'திருட்டு' என்பர்.

இவ்வசையைச் சுமத்துவோர் வரலாற்றைச் சற்றே புரட்டட்டும். எமுலேட்டர் வெளியிட்ட கனெக்டிக்ஸ் மீது சோனி 1999-இல் வழக்குத் தொடுத்தது. பயாஸை ஆராய்வதற்காகப் படியெடுத்தது நியாயமான பயன்பாடே என 2000-இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மறு ஆண்டே சோனி அந்த எமுலேட்டரை விலைக்கு வாங்கி மூடிற்று. அதே சோனி 2018-இல் வெளியிட்ட ப்ளேஸ்டேஷன் கிளாசிக்கின் உள்ளே ஓடியதோ, ஆர்வலர் வளர்த்த திறமூல எமுலேட்டர்! ஆர்வலர் உழைப்பு நிறுவனத்துக்கு ஆகும். அவர்கள் சேமிப்பு மட்டும் திருட்டாம்.

நம் வினா ஒன்றே. இலக்கியத்துக்குரிய உரிமையை நிரல் பெறுகிறது. இலக்கியத்துக்குரிய கடமையை ஏன் ஏற்பதில்லை? இந்நாட்டில் நூல் வெளியிடுவோர், 1954-ஆம் ஆண்டுச் சட்டப்படி, எழும்பூர் கன்னிமாரா உள்ளிட்ட நூலகங்களுக்குப் படி அளிக்கக் கடமைப்பட்டவர். நிரலுக்கு அவ்விதி இல்லை. ஆசிரியர் மறைந்தபின்னும் 60 ஆண்டுக் காப்பு. கன்னிமாராவுக்கோ ஒரு படியும் இல்லை. இது என்ன நீதி?

இங்கு விற்கப்படும் பெட்டியின் நிரலுக்கும் நூலகப்படி வேண்டும். உற்பத்தி நின்றபின், தகடு வைத்திருப்போர்க்கு அது திறக்கப்படவேண்டும். இயலாதெனில், அதை இலக்கியம் என்றழைப்பதைச் சட்டம் நிறுத்திக்கொள்ளட்டும்.