விட்டுக்கொடுத்தவர் என்று யார் சொன்னது?

மறைமலைநகரில், ஜி.எஸ்.டி. சாலையோரக் கல்யாண மண்டபம் ஒன்றில் வரவேற்பு. மேடையில் பாடிக்கொண்டிருந்தவள் என் மாணவி. கீபோர்டு வாசித்தவரைத்தான் அவள் கட்டிக்கொள்ளப் போகிறாள். அறிவிப்பாளர் மைக்கில் சொன்னார்: "ஏ.எம்.ராஜா, ஜிக்கி மாதிரி ஜோடிங்க இவங்க. புருஷனுக்காகப் பாட்டையே விட்டுக்கொடுத்தவங்க அந்தம்மா!" கைதட்டினார்கள். எனக்குச் சோறு இறங்கவில்லை.

எதை விட்டுக்கொடுத்தார்? கிருஷ்ணவேணி என்ற ஜிக்கி 1943இல், சிறுமியாக, 'பந்துலம்மா' என்ற தெலுங்குப் படத்தில் பாடியவர். ராஜா சினிமாவில் பாட வந்தது 1951இல், 'சம்சாரம்' படத்துக்கு. தொழிலில் மூத்தவர் ஜிக்கி. 'அவன்', 'குலேபகாவலி' என்று இருவரும் சேர்ந்து பாடியபோது யாரும் யாருக்கும் துணைப்பாட்டு இல்லை. ராஜா இசையமைத்த 'கல்யாண பரிசு' (1959) படத்தில் 'துள்ளாத மனமும் துள்ளும்' ஜிக்கிக்கு. பேர்பெற்ற ஜோடிப் பாடல்கள் சுசீலாவுக்கு. அதில் எனக்கு வழக்கில்லை. இசையமைப்பாளர் காதுக்கு எந்தக் குரல் கேட்கிறதோ அதுதான் சரி.

என் வழக்கு அதற்குப் பிறகு நடந்ததைப் பற்றியது. அறுபதுகளில் ராஜாவுக்கும் திரையுலகத்துக்கும் ஒத்துப்போகவில்லை. அவருடைய வாய்ப்புகள் சுருங்கின, ஜிக்கியுடையவையும் சுருங்கின. சுசீலா, ஜானகி, ஈஸ்வரி என்று புதுக் குரல்கள் எழுந்ததும் ஒரு காரணம்தான், மறுக்கவில்லை. ஆனால் ராஜாவின் பிடிவாதத்தைப் பக்கம் பக்கமாக எழுதுகிறவர்கள், அவர் மனைவியின் தொழில் என்னவானது என்பதை ஒரு வரியில் முடித்துவிடுகிறார்கள். அந்த ஒரு வரியிலும் 'தியாகம்' என்று ஒரு பூவைச் செருகிவிடுகிறார்கள். வாய்ப்பு போனதற்குப் பெயர் இழப்பு. பெண்ணுக்கு மட்டும் அதைத் தியாகம் என்று மாற்றி எழுதினால், யாரும் கணக்குக் கேட்க வேண்டியதில்லை பாருங்கள்.

தவிர, ஜிக்கி பாட்டை விடவே இல்லை. இருவரும் மேடைக் கச்சேரிகளில் பாடினார்கள். ஊர் ஊராகப் பயணம் போய்த் தொண்டையைக் கொடுத்துப் பார்த்த வேலை அது. 1989 ஏப்ரலில் வள்ளியூரில் ரயில் விபத்தில் ராஜா இறந்தார். அதே ஆண்டு வந்த 'பாட்டுக்கு ஒரு தலைவன்' படத்தில் இளையராஜா இசையில் மனோவோடு ஜிக்கி பாடியதைக் கேளுங்கள். ஐம்பதைத் தாண்டிய குரல். விட்டுக்கொடுத்த குரலா அது?

மறுவாரம் வகுப்பு முடிந்ததும் மாணவி வந்து நின்றாள். "கல்யாணத்துக்கப்புறம் அவர் குழுவில மட்டும் பாடினாப் போதும்னு அவங்க வீட்ல சொல்றாங்க, மேடம்."

"ஒரு மேடைக்கு உனக்கு எவ்வளவு?"

"தனியா எதுக்கு, எல்லாம் ஒண்ணுதானேன்னு..."

"எழுதி வாங்கு."

"அவர்கிட்டயா, மேடம்?"

"அவர்கிட்டதான்."