அழுகுணி ஆட்டமும் ஒட்டிய பக்கங்களும்

துப்பறியும் நாவல் ஒன்றை விலை கொடுத்து வாங்கிய வாசகர், கொலையாளி யார் என்று அறியும் அவசரத்தில் கடைசி அத்தியாயத்தை முதலில் புரட்டிவிடுகிறார். முந்நூறு பக்கங்களுக்கு மர்மத்தைக் கட்டிக்காத்த ஆசிரியருக்கு இது வயிற்றெரிச்சலைத் தரும் செயல்தான். ஆனால் அவரால் அந்த வாசகரைத் தடுக்க முடியுமா? முடியாது என்று 2024 ஏப்ரலில் ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றத்தின் அட்வகேட் ஜெனரல் மாச்சியெய் ஷ்பூனர் தம் கருத்துரையில் எழுதினார். அவர் எழுதியது இலக்கிய விவாதத்தில் அல்ல. சோனியின் பிஎஸ்பி என்னும் கையடக்க விளையாட்டுக் கருவிக்காக டேட்டெல் என்ற பிரிட்டிஷ் நிறுவனம் விற்ற குறுக்குவழி மென்பொருளைப் பற்றிய வழக்கில்.

இலக்கியம் பேசுகிற இடத்தில் விளையாட்டுப் பெட்டிக்கு என்ன வேலை என்று முகம் சுளிக்கும் நண்பர்கள் சற்றே பொறுத்தருள வேண்டும். வாங்கிய படைப்பை வாங்கியவர் தம் விருப்பப்படி வாசிக்கலாமா, அல்லது ஆக்கியவர் வகுத்த வரிசையிலேதான் வாசித்தாக வேண்டுமா என்ற கேள்வி நமக்கு அந்நியமானது அன்று. அது நீதிமன்றம்வரை சென்று தீர்ப்புப் பெற்றது புத்தகத்தை முன்னிட்டு அல்ல, இந்தப் பொம்மைகளை முன்னிட்டு என்பதுதான் வேடிக்கை.

கதை 1990இல் தொடங்குகிறது. பிரிட்டனின் கோட்மாஸ்டர்ஸ் நிறுவனம் உருவாக்கிய கேம் ஜீனி என்ற கருவியை அமெரிக்காவில் கலூப் என்ற பொம்மை நிறுவனம் விற்க முன்வந்தது. விளையாட்டுப் பெட்டிக்கும் கார்ட்ரிட்ஜுக்கும் நடுவில் செருகப்படும் இக்கருவியில் சில எழுத்துகளைத் தட்டச்சு செய்தால், மூன்று உயிர் உள்ள வீரனுக்கு முடிவற்ற உயிர் கிடைக்கும். தாண்ட முடியாத பள்ளத்தைத் தாண்டிவிடலாம். நின்டெண்டோ வெகுண்டெழுந்து இடைக்காலத் தடை வாங்கியது. 1991இல் கலிஃபோர்னியாவின் கூட்டாட்சி மாவட்ட நீதிமன்றம் நின்டெண்டோவின் வாதத்தை ஏற்க மறுத்தது. புத்தகத்தில் சில பகுதிகளைத் தாண்டிச் செல்வதோ, வாங்கிய வீடியோ நாடாவை வேகமாக ஓட்டுவதோ பதிப்புரிமை மீறல் ஆகாதது போலத்தான் இதுவும் என்றது. 1992இல் ஒன்பதாம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. கேம் ஜீனி தனியாக எதையும் படைப்பதில்லை, கார்ட்ரிட்ஜில் உள்ளதை மாற்றி எழுதி நிலைநிறுத்துவதும் இல்லை. சொற்செயலிக்குள் இயங்கும் எழுத்துப்பிழை திருத்தி போன்ற துணைக்கருவிகளையும் இதனோடு ஒப்பிடலாம் என்பது அதன் பார்வை. தடையால் கலூப் இழந்த விற்பனைக்கு ஈடாக 1.5 கோடி டாலரை நின்டெண்டோ கொடுக்க நேர்ந்தது.

கருவியின் உள்ளே நடப்பது என்ன என்று தெரிந்துகொண்டால்தான் இத்தீர்ப்பின் நியாயம் புலப்படும். மேலும், எங்களைப் போன்ற பதிப்புப் பித்தர்களுக்கு அங்கே ஓர் இனிய அதிர்ச்சி காத்திருக்கிறது.

கேம் பாயை எடுத்துக்கொள்வோம். அதன் மூளையான சில்லு ஒரு நேரத்தில் கார்ட்ரிட்ஜின் 32 கிலோபைட்டை மட்டுமே பார்க்கும். போக்கிமான் ரெட் விளையாட்டின் ஆங்கிலப் பதிப்போ 1 மெகாபைட் அளவுடையது. எனவே கார்ட்ரிட்ஜ் 16 கிலோபைட் கொண்ட 64 ஏடுகளாகப் பகுக்கப்பட்டிருக்கிறது. முதல் ஏடு நிலையாக நிற்க, மற்றவை தேவைக்கேற்ப ஒரே இடத்தில் மாறி மாறி வந்து நிற்கும். கேம் ஜீனியின் குறியீடு சொல்வது இவ்வளவுதான்: இந்த முகவரியைச் சில்லு படிக்க வரும்போது, அங்கே இன்ன எண் இருந்தால், அதற்குப் பதிலாக இந்த எண்ணைக் காட்டு. ‘இன்ன எண் இருந்தால்’ என்ற நிபந்தனை மிக முக்கியம். அந்த முகவரியில் எந்த ஏடு வந்து நிற்கிறது என்று கருவிக்குத் தெரியாது. பழைய எண்ணைச் சரிபார்த்துத்தான் தான் தேடிய வரி இதுவா என்று அது ஊகிக்கிறது. வேறோர் ஏட்டிலும் அதே இடத்தில் அதே எண் இருந்துவிட்டால் அதையும் மாற்றிவிடும். உயிர் கூடும் என்று காத்திருந்தவருக்குத் திரையெங்கும் கந்தல் எழுத்துகள் தோன்றுவது இதனால்தான்.

பின்னாளில் வந்த கேம்ஷார்க், ஆக்‌ஷன் ரீப்ளே ஆகியவை வேறு வழியைப் பிடித்தன. கார்ட்ரிட்ஜில் உள்ள மூலத்தை விட்டுவிட்டு, ஆட்டம் நடக்கும்போது தற்காலிக நினைவகத்தில் எழுதப்படும் எண்களின் மேல் கைவைத்தன. பையில் உள்ள காசு இத்தனை என்று ஆட்டம் ஓரிடத்தில் குறித்து வைக்கிறது; கருவி நொடிக்குச் சுமார் 60 முறை அதே இடத்தில் தன் எண்ணை எழுதிக்கொண்டே இருக்கிறது. செலவழிக்கச் செலவழிக்கக் குறையாத அட்சய பாத்திரத்தின் இரகசியம் இவ்வளவே. கேம் பாய் அட்வான்ஸில் இது இன்னும் சிக்கலானது. ஆட்டத்தின் எந்தப் புள்ளியில் நுழைந்தால் கருவி தன் வேலையைச் செய்யலாம் என்பது ஆட்டத்துக்கு ஆட்டம் வேறுபட்டதால், ஒவ்வொன்றுக்கும் தனித்தனி ‘மாஸ்டர் கோட்’ தேவைப்பட்டது. அது தவறினால் மற்றக் குறியீடுகள் எவ்வளவு சரியாக இருந்தாலும் பயனில்லை.

இப்போது எங்கள் இனிய அதிர்ச்சிக்கு வருகிறோம். கடைகளில் ‘போக்கிமான் ஃபயர்ரெட்’ என்று ஒரே அட்டையுடன் விற்ற கார்ட்ரிட்ஜில் இரண்டு பதிப்புகள் உண்டு, 1.0, 1.1 என்று. விளையாடுபவர் கண்ணுக்கு இரண்டும் ஏறக்குறைய ஒன்றே. ஆனால் உள்ளே முகவரிகள் நகர்ந்திருக்கின்றன. முதற்பதிப்புக்கு எழுதிய குறியீடு இரண்டாம் பதிப்பில் வேறெங்கோ போய் விழும். முதற்பதிப்பின் பக்க எண்களைக் கொண்டு தயாரித்த சொல்லடைவை வைத்துக்கொண்டு மறுபதிப்பில் தேடுகிறவரின் நிலைதான் இது. நின்டெண்டோ டிஎஸ் காலத்தில் இந்த ஒழுங்கு மேலும் இறுகியது. ஒவ்வொரு ஆட்டத்துக்கும் நான்கெழுத்து அடையாளம்; அதில் கடைசி எழுத்து அது அமெரிக்கப் பதிப்பா, ஐரோப்பியப் பதிப்பா, ஜப்பானியப் பதிப்பா என்று சொல்லும். அதனோடு, பதிப்பின் கைரேகை போன்ற எட்டிலக்கச் சரிபார்ப்பு எண் ஒன்றையும் ஆக்‌ஷன் ரீப்ளே சேர்த்துக்கொண்டது. இரண்டும் பொருந்தினால்தான் அந்த ஆட்டத்தின் குறியீட்டுப் பட்டியல் திறக்கும்.

எந்தக் குறியீடு எந்தப் பதிப்பில், எந்த நாட்டுக் கார்ட்ரிட்ஜில், எந்தக் கருவியின் எந்த வடிவத்தில் செல்லும் என்று ஆர்வலர்கள் ஊதியமின்றித் தொகுத்த பட்டியல்களைப் பார்க்கும்போது எங்களுக்கு ஏடு ஒப்புநோக்கும் பணிதான் நினைவுக்கு வருகிறது. பாடபேதம் குறிப்பதற்கு வேண்டிய அதே பொறுமை. ஒரே எண் பிழைபட்டாலும் பொருள் கெடும் அதே ஆபத்து. இதைச் செய்தவர்களை ‘ஏமாற்றுக்காரர்கள்’ என்ற ஒற்றைச் சொல்லால் ஒதுக்குவது அறியாமை என்போம்.

இதே மூச்சில் கருவி விற்றவர்களையும் நாம் புகழ்ந்துவிட வேண்டியதில்லை. பிறர் பூட்டைத் திறப்பதே தொழிலாகக் கொண்டவர்கள், தங்கள் கேம் பாய் அட்வான்ஸ் குறியீடுகளை மறையாக்கம் செய்து பூட்டிவைத்தார்கள். ஆக்‌ஷன் ரீப்ளேயின் குறியீடு கோட்பிரேக்கரில் செல்லாது. கேம்ஷார்க்கின் பழைய வடிவத்துக்கு எழுதியது ஆக்‌ஷன் ரீப்ளேயின் மூன்றாம் வடிவத்தில் செல்லாது. பெயரும் கைமாறிக்கொண்டே இருந்தது: கேம்ஷார்க் என்ற பெயரை இன்டர்ஆக்ட் நிறுவனத்திடமிருந்து 2003இல் மேட் கேட்ஸ் வாங்கியது. பெட்டியின் மேலிருந்த பெயரை நம்பி வாங்கியவர், உள்ளே இருப்பது எது என்று அறியாமல் விழித்தார். பொருந்தாமையில் ஒரு பங்கு தொழில்நுட்பம்; இன்னொரு பங்கு சுத்தமான வியாபாரம். பெட்டி செய்தவர்களின் பங்கும் உண்டு. 2008இல் ஜப்பானில் வெளிவந்த டிஎஸ்ஐயிலும் அதன் பின்வந்த 3டிஎஸ்ஸிலும் இத்தகைய அட்டைகளை முடக்கும் மென்பொருள் மாற்றங்களை நின்டெண்டோ அனுப்பிக்கொண்டிருந்தது. இவர்கள் மாற்று வழி கண்டுகொண்டிருந்தார்கள்.

எங்கள் கட்சி இதுதான்: தனியே அமர்ந்து ஆடும் ஆட்டத்தில் அழுகுணி ஆட்டம் என்று ஒன்று இல்லை. அழுகுணி ஆட்டம் என்பதற்கு எதிரில் ஒருவர் வேண்டும். தாயக்கட்டையைத் திருப்பி வைப்பவர் எதிரில் அமர்ந்திருப்பவரை ஏய்க்கிறார். தன் அறையில் தன் கருவியில் முடிவற்ற உயிர் வைத்து ஆடுபவர் யாரை ஏய்த்தார்? ஆட்டத்தின் சவாலை இழந்தார் எனில் அது அவரே விரும்பி ஏற்ற இழப்பு. விரல்கள் ஒத்துழைக்காத முதியவருக்கும், வேலை முடிந்து இரவில் அரைமணி நேரமே வாய்த்தவருக்கும் அந்தச் சவால் கதையின் வாசலை அடைத்து நிற்கும் கல்லாகவும் இருக்கலாம்.

எதிரில் ஒருவர் வந்துவிட்டால் எங்கள் கட்சி மாறிவிடும். போக்கிமான் டைமண்ட், பேர்ல் ஆட்டங்கள் இணையவழியே உலகெங்கும் பண்டமாற்றைத் திறந்துவிட்டபோது, கருவியால் செய்த உயிரிகளும் அச்சந்தையில் நுழைந்தன. நூறு மணி நேரம் உழைத்து வளர்த்ததை ஒருவர் கொடுக்க, மறுபுறம் பத்து நொடியில் தட்டிச் செய்த போலி வருவது அநியாயமே. அங்கே நீதிபதியின் நாவல் உவமை செல்லாது. கடைசிப் பக்கத்தைப் படித்தவர் பக்கத்து இருக்கைக்காரரின் புத்தகத்தையும் கிழித்துவிட்டார்.

ஆனால் நாங்கள் சொல்ல வந்த செய்தி இவ்விரண்டையும் கடந்தது. 2005இல் ஆங்கிலத்தில் வெளிவந்த போக்கிமான் எமரால்ட் கார்ட்ரிட்ஜில் ஒரு தீவு இருக்கிறது. ஃபாரவே தீவு என்று பெயர். வரைந்து, இசையமைத்து, வசனம் எழுதி, மொழிபெயர்த்தும் முடிக்கப்பட்ட தீவு. அங்கே செல்ல ‘பழைய கடல் வரைபடம்’ என்ற பொருள் வேண்டும். அதை நிகழ்ச்சிகள் வழியாகத்தான் தருவார்கள். ஜப்பானியப் பதிப்புக்கு அப்படித் தரப்பட்டது. ஆங்கிலக் கார்ட்ரிட்ஜ் வைத்திருந்தவர்களுக்கு எந்நாளும் தரப்படவில்லை. காசு கொடுத்து வாங்கிய புத்தகத்தில் ஓர் அத்தியாயம் அச்சாகி, தைக்கப்பட்டு, ஓரம் வெட்டப்படாமல் ஒட்டிக்கிடக்கிறது. வெட்டும் கத்தியைப் பதிப்பாளர் அனுப்பவே இல்லை. இங்கே குறுக்குவழிக் கருவி ஏமாற்றுவது யாரை? எழுதியவர்கள் எழுதியதை வாசகருக்குக் கொண்டுசேர்க்கும் ஒரே வழி அதுவாக இருக்கும்போது, அதை எதிர்ப்பது படைப்பாளியின் பக்கம் நிற்பது ஆகுமா?

பழைய கேம் பாய் கார்ட்ரிட்ஜ்களின் நிலை இன்னும் பரிதாபம். ஆடியவரின் இடத்தைக் காத்து வைத்திருப்பது உள்ளே இருக்கும் நாணயம் போன்ற ஒரு மின்கலம். காலக்கடிகாரமும் அதிலேயே ஓடும் கோல்ட், சில்வர் பதிப்புகளில் அது விரைவாகவே தீரும். தீர்ந்த அன்று சிறுவயதுக் கோடைவிடுமுறை முழுதும் அழிந்துபோகிறது. புது மின்கலம் பற்றவைத்து, விட்ட இடத்துக்குத் திரும்பிச் செல்ல முப்பது வயதுக்காரருக்கு ஒரு குறியீடு உதவுமானால், அதைக் குறை சொல்ல எங்களுக்கு மனமில்லை.

ஷ்பூனரின் கருத்துரைக்குப் பின், 2024 அக்டோபர் 17 அன்று ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மோட்டார்ஸ்டார்ம் ஆர்க்டிக் எட்ஜ் என்ற பந்தய ஆட்டத்தில் டர்போவை வரம்பின்றிப் பயன்படுத்த வழிசெய்தது டேட்டெலின் குற்றம். புல்லுருவி போல எங்கள் ஆட்டத்தில் ஒட்டிக்கொள்கிறது என்பது சோனியின் வாதம். நிரலின் மூலத்தைத் தொடாமல், ஓடும்போது நினைவகத்தில் மாறும் எண்களை மட்டும் மாற்றுவது கணினி நிரல்களைக் காக்கும் ஐரோப்பியச் சட்டத்தின் எல்லைக்குள் வராது என்றது நீதிமன்றம். 1991இல் கலிஃபோர்னிய நீதிபதியும் 2024இல் லக்ஸம்பர்க்கில் அட்வகேட் ஜெனரலும், முப்பத்துமூன்று ஆண்டு இடைவெளியில், புத்தக வாசகரையே சாட்சிக்கு அழைத்தார்கள் என்பதில் எங்களுக்கு ஒரு சிறு பெருமை.

எங்களில் ஒருவரிடம் எமரால்ட் கார்ட்ரிட்ஜும் பழைய ஆக்‌ஷன் ரீப்ளேயும் இருந்தன. சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை கூடி அமர்ந்தோம். முதலில் கிடைத்த பட்டியல் கோட்பிரேக்கருக்கானது. திரை வெள்ளையாக நின்றுவிட்டது. இரண்டாவது, கேம்ஷார்க்கின் பழைய வடிவத்துக்கானது. மூன்றாவதில் மாஸ்டர் கோடின் ஓரெழுத்தை நாங்களே தவறாக அடித்திருந்தோம். மாலை ஐந்து மணிக்கு லிலிகோவ் துறைமுகத்தில் கப்பல்காரர் வரைபடத்தை வாங்கிப் பார்த்துவிட்டு ஏறச் சொன்னார். தீவில் ஆளுயரப் புல். அதற்குள் ஏதோ ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. அது போன வழியில் புல் மட்டும் அசைந்தது. கையிலிருந்த கருவியை ஒருவர் மாற்றி ஒருவர் வாங்கிக்கொண்டோம்.