கமிசார்: இருபதாண்டுச் சிறை

“உண்மைத் திறமையை எவராலும் மறைக்க இயலாது, காலம் என்றேனும் நீதி வழங்கியே தீரும்” என மேடைதோறும் முழங்குவோர் உளர். அன்னோர் அலெக்சாந்தர் அஸ்கோல்தவ் என்னும் ருஷ்யத் திரைப்பட இயக்குநரின் வாழ்க்கையைச் சற்றே எண்ணிப் பார்ப்பாராக.

1932இல் பிறந்த அவர், ‘கமிசார்’ என்னும் தம் முதற்படத்தை 1967இல் எடுத்து முடித்தார். வசிலி குரோஸ்மனின் சிறுகதையே அதற்கு மூலம். உள்நாட்டுப் போர்க்காலம், கருவுற்ற செம்படைப் பெண் அதிகாரி ஒருத்தி, தகர வேலை செய்யும் ஏழை யூதர் ஒருவரின் இல்லத்தில் தங்கிப் பிள்ளை பெறுகிறாள். முதலில் முகஞ்சுளித்த குடும்பமே அவளைத் தாங்குகிறது. பிற்காலத்தில் நாஜிகளிடம் யூதருக்கு நேரவிருந்த கொடுமையையும் ஒரு காட்சி முன்னரே காட்டிவிடுகிறது. நெஞ்சை உலுக்கும் காட்சி அது!

யூதர்பால் காட்டிய இப்பரிவே அதிகாரிகளின் சினத்திற்குத் தலையாய காரணமாயிற்று. படம் முடக்கப்பட்டது. இயக்குநர் கட்சியினின்றும் நீக்கப்பட்டார். கதைப்படம் எடுக்கும் உரிமையும் பறிபோயிற்று.

1987இல் மாஸ்கோ விழாவில் படம் வெளிச்சம் கண்டது; மறு ஆண்டு பெர்லினில் வெள்ளிக் கரடி விருது பெற்றது. “பார்த்தீர்களா, நீதி வென்றது!” என்பர். நாம் ஒப்போம். மீண்டது படச்சுருள் மட்டுமே. 2018இல் மறையும்வரை அஸ்கோல்தவ் இன்னொரு கதைப்படம் எடுத்தாரில்லை. கோப்புகளிடையே நாள் கழிக்கும் நாம் இதனை நன்கறிவோம்: கட்டிப்போட்ட கோப்பு என்றேனும் அவிழும், மனுச் செய்தவனுக்கோ அதற்குள் வயது போய்விடும்.

இனி இப்படத்தைத் திரையிடும் சங்கத்தார், விருதைச் சொல்லுமுன் 1967, 1987 என்னும் அவ்விரண்டு ஆண்டுகளையும் உரக்கச் சொல்லட்டும்.