கிண்ணம் ஒன்று, நீதி இரண்டு!

மது தீது என்று உப்பளத்துத் தெருமுனையில் நால்வர் கூடிப் பேசினால் போதும். உடனே மறைநூலைத் தூக்கிக்கொண்டு இரு சாராரும் ஓடி வருகின்றனர். "ஆண்டவன் அருளிய பானம், மறையிலேயே இடம்பெற்றது, மறுக்க நீங்கள் யார்?" என்கிறது ஒரு குரல். "மறை தடுத்தது, தொட்டால் பாவம்!" என்கிறது மற்றொரு குரல். ஏடு ஒன்றுதான், ஏந்தும் கை வேறு, எனவே தீர்ப்பும் வேறு!

நாம் கேட்பது வேறொரு கேள்வி. மது மனிதனை என்ன செய்கிறது என்று அந்த ஏடுகள் எடை போட்டனவா? அன்றி, அதைப் பிழிந்தவன் யார், தொட்டவன் யார், குடிப்பவன் யார் என்று ஆள் பார்த்தனவா? புதுவையின் மாதா கோவில்களில் இன்றும் படிக்கப்படும் பழைய ஏற்பாட்டையே எடுத்துக்கொள்வோம். பண்டை யூதரின் சமயச் சட்டம் அது. புரட்டிப் பார்ப்போம், வாருங்கள்!

ஊழி வெள்ளத்தில் தப்பிய நோவா திராட்சைத் தோட்டம் போட்டார்; பிழிந்தார்; குடித்தார்; ஆடையிழந்து கிடந்தார். கண்டவன் மகன் காம். சாபம் விழுந்ததோ காமின் மகன் கானான் மீது! அவன் வழியினர் அடிமைகளாக உழல வேண்டுமாம். குடித்தவர் பாட்டன், அடிமையானவன் பேரன்! கதைதானே என்று தள்ளிவிட முடியுமா? பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்காவில், கறுப்பின மக்களை விலங்கிட்டு விற்ற பண்ணை முதலாளிகள் தங்கள் வாணிகத்துக்கு மறைச்சான்றாகக் காட்டியது இந்தச் சாபத்தைத்தான். அதே சட்டத்தின் உபாகமத்தைத் திறந்தால், அடங்காத மகன் குடியனாகவும் பெருந்தீனிக்காரனாகவும் இருந்தால் ஊரார் அவனைக் கல்லெறிந்து கொல்ல வேண்டும் என்றிருக்கிறது. தந்தை குடித்தால் பேரனுக்குச் சாபம். மகன் குடித்தால் மகனுக்குக் கல்லடி. தந்தைக்கு மட்டும் தண்டனை ஏதுமில்லை!

பலிபீடத்துக்கு மது வேண்டும். ஆட்டுக்குட்டிக்கு இவ்வளவு, ஆட்டுக்கடாவுக்கு இவ்வளவு, காளைக்கு இவ்வளவு என்று எண்ணாகமம் அளந்து கொடுக்கிறது. ஆனால் பலியிடப்போகும் குருவோ, கூடாரத்துள் நுழையும்போது குடிக்கக் கூடாது. குடித்தால் சாவு என்கிறது லேவியராகமம். அறிவு மயங்கும், தூயது தீட்டு பிரித்தறிய இயலாது என்பது காரணம். ஆகா, நல்ல காரணம்! மது அறிவை மயக்கும் என்பது அவர்களுக்குத் தெரிந்தேயிருக்கிறது!

தெரிந்தவர்கள் அடுத்து என்ன செய்தனர்? நீதிமொழிகளின் இறுதி அதிகாரத்துக்கு வருவோம். அரசர்கள் மது அருந்தலாகாது. அருந்தினால் நியாயம் பிறழும் என்கிறது அறிவுரை. பொருத்தம்தான். அடுத்த மூச்சிலேயே, மதுவை மடிகிறவனுக்கும் மனம் கசந்தவனுக்கும் கொடுக்கச் சொல்கிறது. எதற்காக? அவன் குடித்துத் தன் வறுமையை மறப்பதற்காக!

தோழர்களே, இதைச் சற்று நின்று எண்ணிப் பாருங்கள்! ஆள்பவன் தெளிவோடிருக்க வேண்டும். ஆளப்படுபவன் மயங்கிக் கிடக்க வேண்டும். வறுமையை ஒழிக்க வழி சொல்லவில்லை அந்த ஏடு. மறக்க வழி சொல்கிறது. மறந்தவன் கேள்வி கேட்பானா? கூலி கேட்பானா? பங்கு கேட்பானா?

இனித் தீண்டலுக்கு வருவோம். கி.பி. 200-ஐ ஒட்டித் தொகுக்கப்பட்ட மிஷ்னா என்னும் சட்டத்தொகை, வேற்றுச் சமயத்தாரின் மதுவை விலக்குகிறது. அவர்கள் அதைத் தம் உருவ வழிபாட்டுக்கு ஊற்றியிருக்கக்கூடும் என்பது தொடக்கக் காரணம். பின்வந்த சட்ட வல்லுநர் அதனை மேலும் இறுக்கினர். யூதர் பிழிந்த மதுவானாலும் வேற்றினத்தான் கை பட்டால் விலக்கு! காய்ச்சிய மதுவுக்கு மட்டும் அந்த விலக்கு இல்லை. திராட்சை அதே திராட்சை. மயக்கமும் அதே மயக்கம். தீட்டுக் கையில் இருக்கிறதாம்! ஏன் இந்தக் கெடுபிடி? மறைவின்றி விடை சொல்கிறது தல்மூத்: அவர்களுடைய மகளிரை முன்னிட்டு! சேர்ந்து குடித்தால் சேர்ந்து உண்பர். சேர்ந்து உண்டால் பெண் கொடுப்பர், பெண் எடுப்பர். குருதி கலந்துவிடுமே என்ற அச்சம்தான் கிண்ணத்துக்குக் காவல் போட்டது.

கேட்ட குரலாக இருக்கிறதல்லவா? அகமண முறையே சாதியின் உயிர்நாடி என்று 1916-இல், கொலம்பியா பல்கலைக்கழகத்தில் படித்த கட்டுரையில் அண்ணல் அம்பேத்கர் நிறுவினார். அங்கே திராட்சை மதுவில் கண்ட அச்சம், இங்கே தண்ணீர்ப் பானையில், சமபந்தியில், காதல் மணத்தில் தலைகாட்டுகிறது.

"யூதர் சட்டத்தைப் பழிக்கிறீரே, நம் சாத்திரம் தூயதன்றோ?" என்று எவரும் மகிழ வேண்டா. ரிக் வேதத்தின் ஒன்பதாம் மண்டலம் முழுவதும் சோமபானத்தின் புகழ். சௌத்திராமணி வேள்வியில் சுரை என்னும் மதுவே ஆகுதி. ஆனால் மனுவின் பதினோராம் அத்தியாயமோ சுரை குடிப்பதை மாபாதகம் என்கிறது. குடித்த துவிசன் கொதிக்கும் சுரையைக் குடித்துக் கழுவாய் தேட வேண்டுமாம். தடை பிராமணன், சத்திரியன், வைசியன் என்னும் மூவர்க்கே. நான்காமவன்? அவன் குடித்தால் என்ன, கெட்டால் என்ன! அவன் குடல் வெந்தால் மனுவுக்குக் கவலையில்லை.

அவன் பனையேறினால் மட்டும் கவலை வந்துவிடுகிறது! 1897-இல் கமுதிக் கோயிலுள் நாடார்கள் நுழைந்தனர். இராமநாதபுரம் சேதுபதி வழக்குத் தொடுத்தார். இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்ற அந்த வழக்கில், 1908-இல் நுழைவுரிமை மறுக்கப்பட்டது. கள்ளிறக்கும் தொழிலே தீட்டுக்குக் காரணமாகக் காட்டப்பட்டது. வேள்வியில் சுரை ஊற்றியவன் கருவறைக்குள். பனையேறிக் கள்ளிறக்கியவன் கோயிலுக்கு வெளியே!

நம் புதுவைக்கே வருவோம். பூசையில் திராட்சரசக் கிண்ணம் அந்நாளில் குருவின் உதட்டுக்கு மட்டும் உரியது. மக்களுக்கு அப்பம் மட்டுமே. அந்த அப்பத்தையும் சேரிக்குள் எடுத்துச்செல்லத் தயங்கினர் குருமார். நோயுற்ற ஒடுக்கப்பட்டோரின் இல்லத்துக்கே சென்று திருச்சடங்கு செய்ய வேண்டும் என்று போப்பின் தூதர் துர்னோன் 1704-இல் புதுவையிலிருந்து ஆணையிட வேண்டியிருந்தது. ஆணையிட்டும் என்ன? பூசல் நாற்பது ஆண்டு நீடித்தது. 1744-இல் பதினான்காம் பெனடிக்ட் மீண்டும் ஆணை பிறப்பித்தார். சம்பா கோவிலுக்குள்ளோ, சேரி மக்களைத் தனியே பிரித்து ஒரு சுவர் நின்றது. ஒரே ஆண்டவன், ஒரே கிண்ணம், நடுவே சுவர்! 1745-இல் அம்மக்கள் திரண்டு சென்று குருவிடம் நியாயம் கேட்டனர். சுவர் இடிந்தது. நடந்ததைத் தம் நாட்குறிப்பில் எழுதிவைத்தார் ஆனந்தரங்கப் பிள்ளை. சுவரை இடித்தது வேதவசனமா? அன்று! வரிசை கட்டி நின்று கேட்ட மக்களின் வாய்!

நமக்கு யூதர் மீது பகையில்லை. நாடு நாடாக விரட்டப்பட்ட மக்கள் அவர்கள்; வதைபட்ட மக்கள் அவர்கள். நாம் சாடுவது சட்டத்தை; இனத்தை அன்று. அவர்களுள்ளும் நம்மவர் போன்றோர் எழுந்தனர். கொச்சியில், 1568-இல் எழுந்த பரதேசி யூதர் தொழுகைக்கூடத்தில், விடுதலை பெற்ற அடிமைகளின் வழியினர்க்குச் சம இடம் மறுக்கப்பட்டிருந்தது. அந்த வழியில் வந்த வழக்கறிஞர் ஆபிரகாம் பாரக் சேலம், தொழுகைக்கூடத்துக்குள்ளேயே அறப்போர் நடத்தி அந்த வேலியைத் தளர்த்தினார். மறை மாறவில்லை; மனிதன் மாற்றினான்.

"அந்தக் காலத்துச் சட்டம், இன்று அதை ஏன் கிளறுகிறீர்?" என்பார்க்கு ஒரு சொல். நீதிமொழியின் அறிவுரை பழையதாகிவிட்டதா? நூற்றாண்டு கண்ட ஏ.எஃப்.டி. பஞ்சாலை 2020-இல் மூடப்பட்டது, மதுக்கடை திறந்திருக்கிறது. மதுத்தீர்வை புதுவை அரசின் பெரு வருவாய்களுள் ஒன்று. வேலை இழந்தவனுக்கு வேலை இல்லை. மறதி உண்டு, காசு கொடுத்தால்! அவன் மறந்துவிடுகிறான், அவன் பிள்ளை மறப்பதில்லை. கட்டணமும் காலணியும் இல்லாமல் வகுப்பறை வாயிலில் தயங்கி நிற்கும் அந்தப் பிள்ளையை நாம் நாள்தோறும் காண்கிறோம்.

ஆகவே மதுவுக்கு எதிராகவும் மறைநூலைத் தூக்காதீர்! ஆதரவாகவும் தூக்காதீர்! உலக நலவாழ்வு நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 1988-இலேயே மதுபானத்தைப் புற்றுநோய் விளைப்பனவற்றின் முதல் பிரிவில் வைத்தது. அது குடலையும் ஈரலையும் பார்த்துச் சொன்ன தீர்ப்பு. குலத்தைப் பார்த்துச் சொன்னதன்று. அரசனுக்கும் ஆண்டிக்கும் அதுவே விடை. 1921-இல் தம் தோப்புத் தென்னைகளைக் கள்ளுக்காக வெட்டிச் சாய்த்த பெரியார், பின்னாளில் அரசின் மதுவிலக்குத் திட்டத்தைக் கண்டித்தும் பேசினார். நிலைமையைப் பார்த்து முடிவு செய்வதும், வேண்டும்போது மாற்றிக்கொள்வதும் பகுத்தறிவின் உரிமை. வசனத்துக்கு அந்த உரிமை இல்லை.

இளைஞர்களே! மதுவை எடைபோடுங்கள், ஈரலைக் கொண்டும் இல்லத்து வரவுசெலவைக் கொண்டும். மனிதனை எடைபோடாதீர், கையைக் கொண்டும் குலத்தைக் கொண்டும். வறுமையை மறக்கச் சொல்பவன் மறையோதினாலும் சரி, மணிமுடி தரித்தாலும் சரி, அவனிடம் கேளுங்கள்: "மறக்க வேண்டியவர் நாங்கள்; நினைவோடு இருந்து எண்ணிக்கொள்பவர் நீங்களா?" அந்தக் கேள்வி உப்பளத்தின் ஒவ்வொரு தெருவிலும் ஒலிக்கட்டும்!